மூன்றாம் வகுப்பு மொஹேய்

தோக்கியோ
1991 பிப்ரவரி 18

அன்புள்ள ஃபுமினோ அக்காவுக்கு,

தாமாகி எழுதுகிறேன். இங்கே பிளம் மரங்கள் பூக்க ஆரம்பித்துவிட்டன. உங்கள் சகாதாவில் இன்னும் வாசல் பனியைத் தள்ளிக்கொண்டிருப்பீர்கள். நீயும் அத்தானும் சுகம்தானே? அத்தான் இடுப்பு வலியோடு கூரை மேல் ஏறிப் பனி தள்ளுகிறேன் என்று கிளம்பினால் ஏணியை ஒளித்து வை.

என் உடம்பைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். நவம்பரிலிருந்து தொண்டை சரியில்லை. ஜலதோஷம் என்று நினைத்து மாத்திரை போட்டுக்கொண்டே ஓட்டினேன். போன வாரம் ஒரு தொண்டை மருத்துவர் உள்ளே குழாய் விட்டுப் பார்த்து, குரல் நாண் மேல் அரிசி மணி அளவுக்கு, பல வருடமாக மெல்ல வளர்ந்த ஒரு கட்டி இருக்கிறது என்றார். கெட்ட கட்டி இல்லை, பயப்படாதே. ஆனால் வெட்டி எடுக்க வேண்டும். எடுத்த பிறகு குரல் எப்படி இருக்கும் என்று கேட்டேன். "பேசுவதற்கு ஒன்றும் குறை இருக்காது" என்றார். ஊறுகாய்க் கடை வைத்திருப்பவளுக்குச் சொல்ல வேண்டிய பதிலை எனக்குச் சொல்கிறார்.

ஞாயிற்றுக்கிழமை கார்ட்டூனில் மொஹேய்க்குக் குரல் கொடுக்க ஆரம்பித்து இந்த ஏப்ரலோடு பத்தொன்பது வருடம். அவன் பத்தொன்பது வருடமாக மூன்றாம் வகுப்பிலேயே இருக்கிறான். எனக்கு மட்டும் நாற்பத்தேழு ஆகிவிட்டது. வேறு வேலைகளும் இருக்கின்றன, வெளிநாட்டுத் தொடர்களுக்கு டப்பிங், விளம்பரம், இப்படி. அவை போனாலும் வரும். மொஹேய் போனால் வரமாட்டான். இதைத் தயாரிப்பாளர் இகாரியிடமும் உன்னிடமும் தவிர யாரிடமும் சொல்லவில்லை. மருத்துவர் அதிகம் பேசாதே என்றதால்தான் தொலைபேசியில் சொல்லாமல் எழுதுகிறேன்.

குளிருக்கு அடக்கமாக இரு.

உன் தங்கை
தாமாகி

*

சகாதா
மார்ச் 2

தாமாகிக்கு,

கடிதத்தைப் படித்துவிட்டு அன்று முழுக்க ஒரு வேலையும் ஓடவில்லை. அத்தானிடம் சொன்னேன். "அரிசி மணி அளவுதானே" என்றார். அவர் விவசாய சங்கத்தில் முப்பது வருடம் அரிசி மூட்டை பார்த்தவர், அவருக்கு எல்லாமே அரிசி மணிதான். இடுப்பு அப்படியேதான் இருக்கிறது. ஏணி என் கைவசம்.

முள்ளங்கியைச் சின்னச் சின்னதாக நறுக்கித் தேனில் ஊறப்போட்டு, அந்தத் தண்ணீரைக் காலையில் குடி. மருத்துவர் சிரித்தால் சிரிக்கட்டும். நீ பேசாமல் இருக்கும்போது மொஹேய்க்கு யார் பேசுவார்கள்? ஞாயிற்றுக்கிழமை ஆறரை மணி ஆனால் எங்கள் தெருவில் ஒரு குழந்தை வெளியே இருக்காது.

இன்னொன்று. நீ கோபித்துக்கொள்ளாதே. மினோரி உன்னைப் போல் குரல் கொடுக்கும் தொழிலுக்கென்று அங்கே வந்து மூன்று வருடம் ஆகிறது. என் பெண் என்பதற்காகச் சொல்லவில்லை. கூட்டத்தில் கத்துவதற்கும், 'மாணவி இரண்டு' என்று ஒரு வரி பேசுவதற்கும்தான் அவளைக் கூப்பிடுகிறார்களாம். மீதி நேரம் சாப்பாட்டுப் பொட்டலக் கடையில் நிற்கிறாள். நீ ஒரு வார்த்தை சொன்னால் ஆகாதா என்று முன்பு கேட்டேன். மாட்டேன் என்றாய். சரி, அதை விடு. புத்தாண்டுக்காவது ஒரு வேளை சாப்பாட்டுக்குக் கூப்பிட்டிருக்கலாம். தனியாக இருந்து அரிசிக் கொழுக்கட்டை சூப் வைத்துச் சாப்பிட்டாளாம்.

உடம்பைப் பார்த்துக்கொள். பேசாதே.

அக்கா
ஃபுமினோ

*

தோக்கியோ
மார்ச் 20

அக்காவுக்கு,

முள்ளங்கித் தேன் குடிக்கிறேன். வாயில் வைக்க வழியில்லை. உன் பேருக்காகக் குடிக்கிறேன்.

அறுவைச் சிகிச்சை ஏப்ரல் ஒன்பது. பிறகு இரண்டு வாரம் ஒரு சொல் பேசக்கூடாது, முனகக்கூட கூடாது. அதன் பிறகும் ஜூன் கடைசி வரை வேலை கூடாது. நாங்கள் மூன்று வாரம் முன்னதாகவே பேசி வைப்பதால் ஏப்ரல் முழுக்க என் குரல்தான் வரும். மே மாதத்திலிருந்து பன்னிரண்டு வாரத்துக்கு ஒரு பதிலாள். பேர் போடாமல் நாடாவில் பதிந்து வந்த குரல்களைக் கேட்டு மூன்று பெண்களைப் பொறுக்கி வைத்திருக்கிறார்களாம். யார் யார் என்று இகாரி சொல்லவில்லை. "ஷிராஹதா அம்மா, உங்க நாற்காலி உங்களுக்குத்தான்" என்றார். கேட்காமலே இப்படி ஒரு உறுதி கொடுத்தால் சந்தேகம் வரத்தானே செய்யும்.

உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது. அந்தப் பெண் சுமாராகப் பேசினால் ஜூலையில் நான் திரும்பிப் போவேன். நன்றாகப் பேசிவிட்டால் என் கதை முடிந்தது. முகம் தெரியாத ஒருத்தி நன்றாகப் பேசக்கூடாது என்று தினமும் வேண்டிக்கொள்கிறேன். நான் கல்யாணம் செய்துகொள்ளவில்லை, பிள்ளை பெறவில்லை. வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு அந்த மைக் முன்னால் நிற்பதற்காக மற்ற ஆறு நாளையும் ஒழுங்காக வாழ்ந்தேன். சலசலக்கும் துணி உடுத்தியதில்லை. காலையில் வயிறு சத்தம் போடாத அளவுக்குக் கணக்காகச் சாப்பிட்டேன். இதை இன்னொருத்திக்கு விட்டுக்கொடுக்கும் மனசு எனக்கு இல்லை.

யார் என்று எப்படியும் தெரிந்துவிடும். எங்கள் தொழிலில் ஒருவருடைய பாத்திரத்தை இன்னொருவர் எடுத்தால், பேசுவதற்கு முன்னால் ஒரு பெட்டி பலகாரத்தோடு வீட்டுக்கு வந்து முறையாக வணக்கம் சொல்லிவிட்டுத்தான் போக வேண்டும். தற்காலிகமாக இருந்தாலும் அப்படித்தான். வரட்டும், முகத்தைப் பார்க்கிறேன்.

மினோரி விஷயம். கோபம் இல்லை. சித்தி கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே வந்தவள் என்று ஒரு தடவை பேர் வாங்கினால் போதும், ஆயுசு முழுக்கப் பதிவு அறையில் புதியவர்களுக்கான கதவோரம்தான் உட்கார வேண்டியிருக்கும். கதவோரம் உட்கார்ந்து பெரியவர்களுக்குக் கதவு திறந்துவிடும் வேலையை நானும் ஆறு வருடம் செய்தேன். புத்தாண்டுக்குக் கூப்பிடாதது என் தப்புதான்.

அத்தானைக் கேட்டதாகச் சொல்.

தாமாகி

*

சகாதா
ஏப்ரல் 3

தாமாகிக்கு,

பனி விட்டது. வாத்துகளும் அன்னங்களும் வடக்கே கிளம்பிவிட்டன, ஆற்றங்கரை வெறிச்சென்று இருக்கிறது. செர்ரி மொட்டு இன்னும் கெட்டியாக இருக்கிறது, பூக்க இருபது நாளாவது ஆகும். அத்தான் இடுப்புக்கு வெந்நீர் ஊற்றில் போய் மூன்று நாள் இருந்துவிட்டு வந்தோம். சாப்பாடு சுமார். பக்கத்து அறைக்காரர்கள் ஓயாமல் பாடினார்கள். பக்கத்து வீட்டு நாய் நான்கு குட்டி போட்டிருக்கிறது. வீட்டில் போட்ட சோயா மிசோ விழுது இந்த வருடம் கொஞ்சம் உப்பாகப் போய்விட்டது.

மருத்துவர் ஜூன் கடைசி வரை என்றால் ஜூன் கடைசி வரைதானே? அதற்கு முன்னால் நீயாக எழுந்து ஓடிவிடாதே. உன் குணம் எனக்குத் தெரியும். எத்தனை நாள் என்று அவரிடம் சரியாகக் கேட்டு எனக்கும் எழுது. அவசரப்பட்டால் தொண்டையே போய்விடும்.

ஒன்பதாம் தேதி கோயிலுக்குப் போய் உனக்காக வேண்டிக்கொள்கிறேன்.

அக்கா

*

தோக்கியோ
ஏப்ரல் 24

அக்காவுக்கு,

கட்டியை எடுத்தாகிவிட்டது. வலி இல்லை. பதினைந்து நாள் வாயைத் திறக்காமல் இருந்ததற்கு மருத்துவமனையில் எனக்குப் பரிசே கொடுக்கலாம். நேற்றிலிருந்து ஒரு நாளைக்குப் பத்து நிமிடம் மெதுவாகப் பேசலாம். யாரிடம் பேசுவது என்று தெரியாமல் அந்தப் பத்து நிமிடமும் வீணாகிறது.

கழுத்தில் ஒரு சின்னப் பலகை தொங்கவிட்டுக்கொண்டு கடைக்குப் போகிறேன். 'வெங்காயத்தாள் ஒரு கட்டு' என்று எழுதிக் காட்டினால் காய்கறிக்காரர் எனக்குக் காது கேட்காது என்று முடிவு செய்து, தெருவே திரும்பிப் பார்க்கும்படி கத்திப் பதில் சொல்கிறார். அவர் மகன் மொஹேய் படம் போட்ட பையை மாட்டிக்கொண்டு பக்கத்திலேயே நின்றான். இந்தத் தொழிலில் முகம் தெரியாமல் இருப்பது ஒரு வசதி என்று நினைத்திருந்தேன். அன்றைக்கு அப்படித் தோன்றவில்லை.

இந்த ஞாயிற்றுக்கிழமையோடு நான் பேசி வைத்தது தீர்கிறது. மே ஐந்திலிருந்து அவள். இன்னும் யாரும் வணக்கம் சொல்ல வரவில்லை. நான் மருத்துவமனையில் இருந்ததால் தயங்குகிறாள் போல.

நீ ஏன் மினோரியைப் பற்றி ஒன்றும் எழுதவில்லை? நாய்க் குட்டிகளுக்கெல்லாம் இடம் இருந்தது. எனக்குக் குரல் வந்ததும் அவளைச் சாப்பிடக் கூப்பிடுகிறேன். நிஜமாகத்தான்.

தாமாகி

*

தோக்கியோ
மே 7

அக்காவுக்கு,

உன் பதில் வரவில்லை. நடவு வேலையில் மூழ்கியிருப்பாய் என்று நானே சமாதானம் சொல்லிக்கொண்டு மறுபடி எழுதுகிறேன். உடம்பு சுகம்தானே?

ஞாயிற்றுக்கிழமை பார்த்தேன். எதிர் மாடியில் குழந்தைகள் தினத்துக்கு மீன் கொடி கட்டியிருந்தார்கள், ஜன்னலைச் சாத்தி வைத்துவிட்டுத் தொலைக்காட்சிப் பெட்டியின் முன்னால் உட்கார்ந்தேன். முதல் வரி, 'நான் வந்துட்டேன்.' பள்ளிக்கூடம் விட்டு வந்து செருப்பைக் கழற்றிக்கொண்டே சொல்வது. ஆயிரம் தடவைக்குக் குறையாமல் நான் சொன்னது.

அவள் நன்றாகப் பேசுகிறாள்.

எழுதுவதற்கே கை வரவில்லை, ஆனாலும் அதுதான் நிஜம். என் மூச்சு எங்கே நிற்குமோ அங்கே நிறுத்துகிறாள். கோபம் வந்தால் மொஹேய்க்கு ஒரு கரகரப்பு வரும் அல்லவா, அதுகூட இருக்கிறது. என் குரலைச் சின்ன வயதிலிருந்து கேட்டு வளர்ந்தவளாக இருக்க வேண்டும். கடைசியில் பேர்ப் பட்டியல் ஓடியது. 'மொஹேய் – ஷிராஹதா தாமாகி.' தற்காலிகம் என்பதால் குழந்தைகளைக் குழப்ப வேண்டாம் என்று பேரை மாற்றவில்லையாம். வேறு ஒருத்தி பேசினாள், என் பேர் ஓடியது. நான் தேநீர் குடித்துக்கொண்டு பார்த்தேன்.

இன்னும் வணக்கம் சொல்ல யாரும் வரவில்லை. திறமை இருந்து என்ன, முறை தெரியவில்லையே. வளர்த்தவர்களைச் சொல்ல வேண்டும்.

தாமாகி

*

சகாதா
மே 19

தாமாகிக்கு,

தாமதத்துக்கு மன்னித்துக்கொள். நடவு முடிந்தது. இந்த வருடம் மே மாதமே கொதிக்கிறது, நாற்று கிடுகிடு என்று வளர்கிறது. அத்தானும் சுகம், நானும் சுகம்.

நாங்களும் பார்த்தோம். உன் குரலுக்கும் அதற்கும் எனக்கு வித்தியாசமே தெரியவில்லை. அத்தானுக்கும் தெரியவில்லை. அதனால் நீ கவலைப்படாமல் ஓய்வெடு.

மினோரி நன்றாக இருக்கிறாள். வேலை இருக்கிறது என்றாள்.

வழக்கம்போல் செர்ரி அனுப்புகிறேன். ஜூன் இருபது வாக்கில் வரும். கடைக்காரரிடம் தேதி சொல்லி வைத்திருக்கிறேன். முறையைப் பற்றி நீ எழுதியிருந்தாய். எந்தப் பெண்ணும் வேண்டுமென்று முறை தவறமாட்டாள். ஏதாவது காரணம் இருக்கும்.

தொண்டையை வருத்தாதே.

அக்கா

*

தோக்கியோ
ஜூன் 11

அக்காவுக்கு,

செர்ரி நேற்று வந்து சேர்ந்தது. இருபதாம் தேதி என்று எழுதியிருந்தாய். வெயிலில் பழம் முந்திக்கொண்டது, காத்திருந்தால் அழுகிவிடும் என்று கடைக்காரர் உள்ளே ஒரு சீட்டு வைத்திருக்கிறார். மரியாதையான மனிதர்.

ஒவ்வொரு வருடமும் நீ அனுப்புவது சாதாரண அட்டைப் பெட்டி. உன் கையால் 'தாமாகிக்கு' என்று மேலே கிறுக்கியிருப்பாய். இந்தத் தடவை மரப் பெட்டி. மேலே சிவப்பு வெள்ளை முடிச்சு அச்சடித்த மரியாதைத் தாள். முடிச்சுக்கு மேலே, தூரிகை எழுத்தில், 'வணக்கம் சொல்ல' என்று இருந்தது. முடிச்சுக்குக் கீழே, கொடுப்பவர் பேர்: தொகாஷி மினோரி.

தங்கைக்கு அக்கா பழம் அனுப்பினால் அந்தத் தாள் வேண்டாம். சித்திக்குப் பெண் அனுப்பினாலும் வேண்டாம். அந்த இரண்டு சொல்லை அந்தத் தாளில் யார் யாருக்கு எழுதுவார்கள் என்று எனக்குத் தெரியும், உனக்கும் மார்ச்சில் நானே சொல்லிக்கொடுத்தேன்.

இகாரி திங்கட்கிழமை என்னை வரச் சொல்லியிருக்கிறார். வேலை முடிந்து போகப்போகிறவள் இப்போது வணக்கம் சொல்லமாட்டாள், தங்கப்போகிறவள்தான் சொல்வாள். என்ன சொல்லப் போகிறார் என்று ஒரு வாரம் முன்பே தெரிந்துகொண்டேன். நீ இருபதாம் தேதி என்று சொல்லி வைத்ததன் கணக்கும் புரிந்தது. அவர் சொல்லி முடித்த பிறகு பெட்டி வர வேண்டும் என்று நினைத்தாய். நீ எந்த முறையையும் விட்டதில்லை அக்கா. இதையும் விட மனசு வரவில்லை, அவ்வளவுதான்.

பழம் இனிப்பாகத்தான் இருக்கிறது.

தாமாகி

*

சகாதா
ஜூன் 20

தாமாகிக்கு,

ஒரு வாரமாகத் தினம் எழுதிக் கிழித்தேன். இதைக் கிழிக்கப்போவதில்லை.

மார்ச் இருபத்தெட்டாம் தேதி மினோரி தொலைபேசியில் கூப்பிட்டாள். மூன்று பேரில் அவளும் ஒருத்தி என்று. பேர் இல்லாத நாடாவில் குரலை மட்டும் கேட்டு எடுத்திருக்கிறார்கள். தொகாஷி என்ற பேரை வைத்து உன் அக்கா பெண் என்று யாருக்கும் தெரியாது. உன் தொண்டையும் அவள் தொண்டையும் ஒரே வீட்டுத் தொண்டை, அதற்கு யார் என்ன செய்ய முடியும்? "சித்திகிட்ட இன்னிக்கே போய்ச் சொல்லிடறேம்மா" என்றாள். நான்தான் தடுத்தேன். பிறகு அந்த மூவரில் அவளையே எடுத்தார்கள், அப்போதும் தடுத்தேன்.

உனக்கு வலிக்கும் என்று தடுத்ததாக எழுதலாம். முதல் ஐந்து தாளில் அப்படித்தான் எழுதினேன். அது பொய். தெரிந்தால் நீ மே மாதமே கட்டும் மருந்துமாக மைக் முன்னால் போய் நின்றுவிடுவாய் என்று பயந்தேன். தொண்டை கிழிந்தாலும் போவாய். அதனால்தான் எத்தனை நாள், எத்தனை நாள் என்று கேட்டேன். உன் உடம்புக்காகக் கேட்கவில்லை. அவளுக்கு எத்தனை வாரம் கிடைக்கும் என்று எண்ணினேன்.

உனக்குப் பத்தொன்பது வருடம் கிடைத்தது. என் பெண்ணுக்குப் பன்னிரண்டு வாரம் கிடைக்கட்டும் என்று நினைத்தேன். பிறகு அதுவே நிரந்தரம், உன்னிடம் ஜூன் நடுவில் சொல்வோம் என்று மே நடுவிலேயே அவளிடம் சொன்னார்கள். சந்தோஷப்பட்டேன். அடுத்த நிமிஷமே கடைக்குப் போய் அந்தத் தாளை எழுதச் சொன்னேன். ஒரே நாளில் இரண்டையும் செய்தேன்.

வித்தியாசம் தெரியவில்லை என்று எழுதினேனே, அதுவும் பொய்தான். முதல் வரியிலேயே தெரிந்தது. மன்னிப்பு கேட்டு எழுதத்தான் உட்கார்ந்தேன், எழுதி முடித்துப் பார்த்தால் அது எங்கேயும் இல்லை. இனிமேல் சேர்த்தால் ஒட்டவைத்த மாதிரி இருக்கும்.

ஃபுமினோ

*

தோக்கியோ
ஜூலை 14

அக்காவுக்கு,

மழைக்காலம் முடியப் போகிறது, துணி காயவில்லை. மருத்துவர் முழுசாகப் பேசலாம் என்று சொல்லிவிட்டார். உள்ளே கண்ணாடி மாதிரி இருக்கிறதாம்.

உன் கடிதத்துக்குப் பதில் எழுதும் முன்னால் நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். இகாரி தலை குனிந்து, சுற்றி வளைத்து, கால் மணி நேரம் பேசினார். குழந்தைகள் வித்தியாசம் கண்டுபிடிக்கவில்லையாம், புதுப் பெண்ணுக்கு இன்னும் இருபது வருடம் ஓடுமாம். நான் ஒன்றுதான் கேட்டேன். ஒரு தடவை, ஒரே ஒரு காட்சி, நான் பேசிக் காட்டுகிறேன், கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள் என்று. பத்தொன்பது வருடத்து மரியாதைக்காக ஒத்துக்கொண்டார்.

ஜூலை நான்காம் தேதி போனேன். உன் பெண் கதவோரம் நின்றிருந்தாள். எனக்குக் கதவைத் திறந்துவிட்டுக் குனிந்தாள், நிமிரவே இல்லை. நான் அவளைத் தாண்டிப் போனேன். மைக் முன்னால் நின்றேன். விளக்கு எரிந்தது. பேசினேன். மூச்சு சரி, நேரம் சரி, வாயசைவு சரி. பிறகு கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து அதைப் போட்டுக் கேட்டோம்.

மொஹேய் இல்லை. ஒரு பெண்பிள்ளை பையன் மாதிரி நடிக்கிறாள், அவ்வளவுதான். கோபப்படும் இடத்தில் அந்தக் கரகரப்பு வரவே இல்லை, சுத்தமாக, மணி மாதிரி ஒரு குரல். இத்தனை வருடம் என் திறமை என்று நினைத்தது அந்த அரிசி மணி உரசிய சத்தம். மருத்துவர் அவனை வெட்டி எடுத்து ஒரு தட்டில் போட்டிருக்கிறார். நான்தான் சம்மதக் கையெழுத்துப் போட்டேன்.

இகாரி ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவருக்கு அந்தச் சிரமம் வேண்டாம் என்று, "இது அவன் இல்லை" என்று நானே சொன்னேன். கழிப்பறைக்குப் போய் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். அங்கே சுவர் மெல்லியது. சத்தம் வராமல் அழ எங்களுக்குத் தெரியும்.

மறுநாள் மினோரி வீட்டுக்கு வந்தாள். கையில் பெட்டி இல்லை, அதுதான் முன்பே வந்துவிட்டதே. வாசற்படியிலேயே மண்டியிட்டாள்.

"முதல்லயே வந்திருக்கணும் சித்தி."

"ஆமா, வந்திருக்கணும்."

"அம்மா வேண்டாம்னு..."

"உனக்கு இருபத்திமூணு வயசாகுது மினோரி. அம்மா மேல போடாதே."

கழற்றிய செருப்பை வரிசையாகத் திருப்பி வைத்தாள். பிறகு, "நான் மோசமாப் பேசியிருந்தா உங்களுக்கு நிம்மதியா இருந்திருக்கும்ல?" என்றாள். துணிச்சல்தான்.

"ரொம்ப நிம்மதியா இருந்திருக்கும். நீ ஒழுங்காப் பேசித் தொலைச்சே" என்றேன்.

நூடுல்ஸ் வேகவைத்துக் கொடுத்தேன். இரண்டு தட்டு சாப்பிட்டாள். அவள் மேல் எனக்கு வருத்தம் இல்லை, வேலையைச் செய்தாள். உன் மேல் இருக்கிறது. அவள் என் பெண்ணாக இருந்திருந்தால் நானும் நீ செய்ததைத்தான் செய்திருப்பேன் என்று தெரிகிறது. ஆனால் அவள் என் பெண் இல்லை. ஆகவே அந்த நியாயம் எனக்கு உதவவில்லை.

ஒன்று மட்டும் உனக்குச் சொல்ல வேண்டும். எனக்குத் தானாக வந்த கரகரப்பை அவள் தொண்டையை இறுக்கி வரவழைக்கிறாள். இப்படியே பேசினால் பத்து வருடத்தில் அவளுக்கும் ஒரு கட்டி வரும். அவளிடம் நான் சொல்லவில்லை. இரண்டாவது தட்டு பரிமாறும்போது சொல்லலாம் என்று நினைத்தேன், வாய் வரவில்லை. நீ சொல்.

தாமாகி

*

சகாதா
செப்டம்பர் 29

தாமாகிக்கு,

நீ எழுதி இரண்டரை மாதம் ஆகிறது. இரண்டு தடவை தொலைபேசியில் கூப்பிட்டேன், எடுக்கவில்லை. அறுவடை முடிந்தது. புது அரிசி பத்து கிலோ தனியாக அனுப்பியிருக்கிறேன், சாதாரண மூட்டையில். எந்தத் தாளும் ஒட்டவில்லை.

மினோரியிடம் சொன்னேன். யார் சொன்னது என்று கேட்டாள். சித்தி என்றேன். "என்கிட்ட ஏன் சொல்லலை" என்று மட்டும் கேட்டுவிட்டு வைத்துவிட்டாள். அடுத்த வாரமே மருத்துவரிடம் போனாளாம்.

ஞாயிற்றுக்கிழமை பேர்ப் பட்டியலில் இப்போது அவள் பேர் வருகிறது. அத்தான் அதைப் படம் பிடித்துச் சட்டம் போட்டு மாட்டலாம் என்றார். வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். உன் பேர் எங்கேயும் வருவதில்லை, அதைத்தான் தேடிக்கொண்டிருக்கிறேன். என்ன வேலை செய்கிறாய்? சாப்பிடுகிறாயா?

குளிர் வருகிறது. ஒரு வரியாவது எழுது.

அக்கா

*

தோக்கியோ
நவம்பர் 17

அக்காவுக்கு,

அரிசி வந்தது. நன்றாகப் பொங்குகிறது. நான் சுகம். அத்தான் சுகம் என்று நினைத்துக்கொள்கிறேன். படத்தை மாட்டட்டும், தடுக்காதே.

ஆகஸ்ட், செப்டம்பர் முழுக்க வெளிநாட்டுத் தொடர் ஒன்றில் தலைமைத் தாதிக்குக் குரல் கொடுத்தேன். கண்டிப்பான பெண். புதுக் குரல் அவளுக்கு நன்றாகவே பொருந்தியது.

அக்டோபரில் இகாரி கூப்பிட்டார். மொஹேயின் அம்மாவுக்குப் பேசிவந்த குவாபாரா அம்மாள் விலகிக்கொண்டார். அறுபத்தெட்டு வயது, இனி ஒரு புது மகனோடு பழகத் தன்னால் ஆகாது என்றாராம். அந்த இடத்துக்கு நான் வருகிறேனா என்று கேட்டார். கேட்கவே கூசினார் பாவம். ஒரு வாரம் யோசிக்கிறேன் என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்தேன், மறுநாள் காலையில் சரி என்றேன். முறைப்படி ஒரு பெட்டி பலகாரத்தோடு குவாபாரா அம்மாள் வீட்டுக்குப் போய் வணக்கம் சொல்லிவிட்டு வந்தேன்.

போன வியாழக்கிழமை முதல் பதிவு. மொஹேய் ஏதோ ஒரு காரியத்தை அம்மாவிடம் சொல்லாமல் செய்துவிட்டு மாட்டிக்கொள்கிறான். எழுதியவருக்கு நம் விஷயம் ஒன்றும் தெரியாது, அவன் மாதத்துக்கு ஒரு தடவை இப்படி மாட்டிக்கொள்கிறவன்தான். நான் 'ஏன்டா என்கிட்ட சொல்லல?' என்று கேட்க வேண்டும். மினோரி 'மன்னிச்சிடும்மா' என்று சொல்ல வேண்டும். ஒரே மைக், பக்கத்தில் பக்கத்தில் நின்றோம்.

முதல் தடவையே சரியாக வந்துவிட்டது என்றார் இயக்குநர். எனக்குத் திருப்தி இல்லை, இன்னொரு தடவை போகலாம் என்றேன். இரண்டாவதும் சரியாகத்தான் வந்தது. இன்னொரு தடவை என்றேன். இந்த வயதில் புதுசாக வந்தவளை யாரும் மறுத்துப் பேசுவதில்லை.

மூன்றாவது தடவை உன் பெண் திரையைப் பார்க்காமல் என் முகத்தைப் பார்த்துச் சொன்னாள். வாயசைவு கொஞ்சம் தப்பிவிட்டது. கரகரப்பும் இல்லை, தொண்டையை இறுக்கவில்லை. இயக்குநர் நான்காவது தடவை எடுக்கலாமா என்று கேட்டார். போதும், இதையே வைத்துக்கொள்ளுங்கள் என்றேன்.

டிசம்பர் எட்டாம் தேதி, ஞாயிறு, மாலை ஆறரை மணி. அவள் என்னை அம்மா என்று கூப்பிடுவதை நீயும் உட்கார்ந்து கேள்.

தாமாகி